ஒரு வரிக்குள் அடங்காத சால்டரிங் அயன்

ஒவ்வோர் ஆண்டும் கணக்கு முடிக்கும் மாதம் வந்தால் என் மேசைக்கு ஒரு வேலை தவறாமல் வந்து சேரும். மின்னணுக் கருவிகளைப் பழுதுபார்க்கும் பட்டறைகளுக்கு வேண்டிய சாமான்களை வரவழைத்துக் கொடுக்கும் சிறு நிறுவனம் ஒன்றில் கொள்முதலைக் கவனிப்பவன் நான். அடுத்த ஆண்டுக்கு எத்தனை சால்டரிங் அயன் வாங்கி வைக்கலாம், அதில் மாட்டும் முனையான பிட் எத்தனை போகும், உருக்கி ஒட்டப் பயன்படும் பற்றாசுக் கம்பி எவ்வளவு தேவைப்படும் என்று மதிப்பிட்டுச் சொல்ல வேண்டும். எங்கள் விற்பனைப் பேரேடு எங்கள் வாடிக்கையாளர்களைப் பற்றி மட்டுமே பேசும். நாட்டுச் சந்தை எந்தப் பக்கம் சாய்கிறது என்று தெரிய வேண்டுமானால் சுங்கத்துறை வெளியிடும் ஏற்றுமதி இறக்குமதிப் புள்ளிவிவரங்களைத்தான் புரட்ட வேண்டும்.

சில ஆண்டுகளுக்கு முன்பு அப்படிப் புரட்டியபோது, சால்டரிங் அயன் இறக்குமதியின் மொத்த எடை ஆண்டுக்கு ஆண்டு இறங்கிக்கொண்டே வருவது கண்ணில் பட்டது. வரைபடத்தில் போட்டுப் பார்த்தால் சறுக்குமரம் போல இருந்தது. சந்தை சுருங்குகிறது, கையிருப்பைக் குறைத்துக்கொள்ளலாம் என்று நான் குறிப்பெழுதிக் கொடுத்தேன். சில மாதங்களிலேயே அலமாரி காலியாகி, பட்டறைக்காரர்கள் வேறிடம் தேடிப் போய்விட்டார்கள். எடை இறங்கியது உண்மை. சந்தை சுருங்கியதாக நான் படித்ததுதான் தவறு. அந்தத் தவறு எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனதில் தெரிந்துகொண்டவற்றை இங்கே எழுதி வைக்கிறேன்.

முதலில், சுங்கப் புள்ளிவிவரப் பட்டியலில் சால்டரிங் அயனுக்கென்று இருக்கும் அந்த ஒற்றை வரியையே பார்க்கலாம். வணிகப் பொருள் ஒவ்வொன்றுக்கும் எண் கொடுக்கும், உலகச் சுங்க அமைப்பின் எச்.எஸ். குறியீட்டு முறை 1988 ஜனவரி 1 அன்று நடைமுறைக்கு வந்தது. 200க்கும் மேற்பட்ட நாடுகளும் பொருளாதாரப் பகுதிகளும் இன்று அதைப் பின்பற்றுகின்றன. முதல் ஆறு இலக்கங்கள் எங்கும் ஒன்றே, அதற்கு மேல் வரும் இலக்கங்கள் அந்தந்த நாட்டின் விருப்பம். மின்சாரத்தால் சூடாகும் சால்டரிங் அயனுக்கும் சால்டரிங் துப்பாக்கிக்கும் உரிய எண் 8515.11. பற்றவைக்கும் பிற கருவிகளும் இயந்திரங்களும் 8515.19க்குப் போகும். பியூட்டேன் வாயுவை எரித்துச் சூடாகும் கருவி, செய்கிற வேலை அதுவே என்றாலும், 8468 என்ற வேறு தலைப்புக்குப் போய்விடும். பற்றாசுக் கம்பியோ 8003, 8311 ஆகிய உலோகத் தலைப்புகளில் சேரும். பிட் தனியாக வந்தால் அது உதிரிபாகம். அதன் எண் 8515.90. ஒரே மேசையில், ஒரே கையால், ஒரே நிமிடத்தில் பயன்படும் பொருள்கள் புள்ளிவிவரத்தில் நான்கைந்து அறைகளில் சிதறிக் கிடக்கின்றன.

பாதுகாப்புத் தரத்தை வகுத்தவர்கள் வேறு விதமாகப் பார்த்திருக்கிறார்கள். ஐ.இ.சி. 60335-2-45 என்னும் பன்னாட்டுத் தரம் கையில் பிடித்து வேலை செய்யும் சூடேற்றுக் கருவிகள் அனைத்தையும் ஒரே குடும்பமாகக் கொள்கிறது. சால்டரிங் அயன், வெப்பக்காற்றுத் துப்பாக்கி, பசைத் துப்பாக்கி, நெகிழிக் குழாய்களை இணைக்கும் கருவி எல்லாம் அதில் அடக்கம். கை சுடக் கூடாது, மின்கசிவு கூடாது, மறந்து வைத்துவிட்டால் தீப்பிடிக்கக் கூடாது என்ற கவலை எல்லாவற்றுக்கும் பொது என்பதால் அந்தத் தொகுப்பில் நியாயம் இருக்கிறது. சுங்கத்துறையின் கவலையோ தீர்வை வசூல். ஆகவே, 'கைப்பிடிச் சூடேற்றுக் கருவிச் சந்தை' என்று யாராவது பேசத் தொடங்கினால், தரக்காரரின் குடும்பத்தைச் சொல்கிறாரா, சுங்கக்காரரின் பட்டியல் வரியைச் சொல்கிறாரா என்பதை முதலில் கேட்டுக்கொள்வது நல்லது.

வரிக்குள்ளேயும் குழப்பம் உண்டு. அயன், தாங்கி, பற்றாசு, திருப்புளி, சிறிய மின்மானி எல்லாம் சேர்த்து ஒரே பெட்டியில் விற்கும் தொகுப்புகளை எடுத்துக்கொள்ளுங்கள். சில்லறை விற்பனைக்கென்று சேர்த்துக் கட்டிய தொகுப்புக்கு அதன் முதன்மைத் தன்மையைத் தரும் பொருள் எதுவோ அதன் எண்ணைக் கொடுக்க வேண்டும் என்பது விதி. பெட்டியைத் திறந்து பார்க்கும் இரு அலுவலர்கள் இரு வேறு பொருள்களைக் காட்ட இடமுண்டு. இது சின்ன விஷயம்தான். ஆனால் சின்னச் சந்தையில் சின்ன விஷயமும் வரைபடத்தை ஆட்டிவிடும்.

ஒரு நாட்டில் ஓர் ஆண்டில் எவ்வளவு சால்டரிங் அயன் பயன்பாட்டுக்குச் சென்றது என்று நேரடியாக எண்ணுவோர் யாரும் இல்லை. உள்நாட்டு உற்பத்தியோடு இறக்குமதியைக் கூட்டி, ஏற்றுமதியைக் கழித்து வருவதைத்தான் 'தோற்ற நுகர்வு' என்று சொல்கிறார்கள். பெயரிலேயே தோற்றம் என்று ஒப்புக்கொண்டிருப்பது பாராட்டத்தக்கது. இந்தக் கணக்கில் கிடங்கிலே தூங்கும் சரக்கும் நுகரப்பட்டதாகவே சேரும். 2020, 2021 ஆண்டுகளில் கப்பல் எப்போது வரும் என்று சொல்ல முடியாத நிலை இருந்தபோது, எங்களைப் போன்றவர்கள் வழக்கத்தைவிட முன்கூட்டியே, வழக்கத்தைவிட அதிகமாகக் கேட்டு வைத்தோம். அந்த ஆண்டு இறக்குமதி ஏறித் தெரிந்திருந்தாலும், அடுத்த ஆண்டு இறங்கித் தெரிந்திருந்தாலும், பட்டறையில் உட்கார்ந்து பற்றவைத்துக்கொண்டிருந்தவருக்கு இரண்டு ஆண்டும் ஒன்றுதான்.

மதிப்பிலும் இப்படி ஒரு கண்கட்டு உண்டு. பெரும்பாலான நாடுகள் ஏற்றுமதியைக் கப்பலில் ஏற்றும் வரையிலான மதிப்பிலும், இறக்குமதியைக் காப்பீடு, கப்பல் கூலி இரண்டையும் சேர்த்த மதிப்பிலும் பதிவு செய்கின்றன. அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா போன்ற சில நாடுகள் இறக்குமதிக்கும் கூலி சேராத மதிப்பையே முதன்மையாகக் காட்டுகின்றன. 2021இல் கொள்கலன் கூலி பல மடங்கு ஏறியபோது, முதல் வகை நாடுகளில் அதே சரக்கு, அதே எண்ணிக்கை, அதே விலைப்பட்டியலோடு வந்து இறங்கினாலும் இறக்குமதி மதிப்பு வீங்கித் தெரிந்தது. அதை வளர்ச்சி என்று எழுதியவர்கள் உண்டு. இதனோடு ஹாங்காங் போன்ற இடைத்துறைமுகங்கள் வழியாகச் செல்லும் மறுஏற்றுமதியையும் சேர்த்துக்கொண்டால், ஒரு நாடு 'இவ்வளவு அனுப்பினேன்' என்பதும் மற்ற நாடு 'இவ்வளவு வாங்கினேன்' என்பதும் ஏன் ஒருபோதும் பொருந்துவதில்லை என்பது விளங்கும். ஐ.நா.வின் காம்ட்ரேட் என்ற வணிகப் புள்ளிவிவரத் தளத்தில் இரு நாடுகளின் பதிவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இந்த இடைவெளி பளிச்சென்று தெரியும்.

இனி என் பிழைக்கு வருகிறேன். எடையை வைத்துச் சந்தையை அளந்ததுதான் அது. எங்கள் பழைய சரக்கில் மிஞ்சிப்போன ஒரு ஸ்டேஷனை, அதாவது வெப்பத்தைக் கட்டுப்படுத்தும் பெட்டியோடு அயனை இணைத்த கருவியை, ஒருநாள் திறந்து பார்த்தேன். ஜப்பானின் ஹாக்கோ நிறுவனத்தின் 936 என்ற பெயர்பெற்ற மாதிரியைப் பார்த்து யாரோ செய்த நகல் அது. மூடியின் நான்கு திருகுகளைக் கழற்றியதும் உள்ளே பாதி இடத்தை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது ஒரு மின்மாற்றி. இரும்புத் தகடுகளை அடுக்கி, செம்புக் கம்பியைச் சுற்றி, அரக்குப் பூசி, கையில் எடுத்தால் செங்கல் மாதிரி இருந்தது. வீட்டு மின்சாரத்தை 24 வோல்ட்டாக இறக்கித் தருவது மட்டுமே அதன் வேலை. அதன் பக்கத்தில் இருந்த மின்சுற்றுப் பலகையோ உள்ளங்கையில் அடங்கிவிடும். கையில் பிடிக்கும் அயனும் சில பத்துக் கிராம்தான். சுங்கத்துறை எடை போட்ட ஒரு கிலோவுக்கும் மேற்பட்ட பொருளில் பெரும்பகுதி இந்த மின்மாற்றிதான்.

இதற்கு மாறாக 2017இல் மினிவேர் நிறுவனம் கொண்டுவந்த டி.எஸ்.100, 2020இல் பைன்64 குழு வெளியிட்ட பைன்சில் போன்ற பேனா வடிவ அயன்களில் மின்மாற்றியே கிடையாது. எடை சுமார் 30 கிராம். வெப்பத்தைக் கண்காணிக்கும் சில்லு கைப்பிடிக்குள்ளேயே இருக்கிறது. மின்சாரமோ ஏற்கெனவே வீட்டில் இருக்கும் மடிக்கணினியின் மின்னூக்கியிலிருந்து வருகிறது. யு.எஸ்.பி.-சி வழியாக 20 வோல்ட், 3.25 ஆம்பியர், அதாவது 65 வாட் தரும் மின்னூக்கி அலுவலக மேசைதோறும் கிடக்கிற காலத்தில் அயனோடு மின்மாற்றியையும் கட்டி அனுப்ப வேண்டிய அவசியம் இல்லாமல் போயிற்று. ஐரோப்பிய ஒன்றியம் 2024 டிசம்பர் 28 முதல் கைப்பேசி முதலான கருவிகளுக்குப் பொது மின்னூக்கி முனையைக் கட்டாயமாக்கியது சால்டரிங் அயனை நினைத்துச் செய்த சட்டம் அல்ல. ஆனால் சால்டரிங் அயனின் மின்வழங்கியைப் பெட்டியிலிருந்து வெளியேற்றியதில் இப்படிப்பட்ட சட்டங்களுக்கும் மறைமுகப் பங்கு உண்டு. 2024 செப்டம்பரில் பழுதுபார்ப்புக் கருவிகள் விற்கும் ஐஃபிக்சிட் நிறுவனம் கொண்டுவந்த அயன் 100 வாட் வரை யு.எஸ்.பி.-சி வழியாகவே இழுக்கிறது.

பழைய ஸ்டேஷன் ஒன்று இறங்கிய எடையில் பேனா அயன்கள் எத்தனை இறங்கும் என்று வகுத்துப் பார்த்தால் முப்பது நாற்பது என்று வரும். பட்டறைகளில் ஒரு பகுதியினர் ஸ்டேஷனை விட்டுப் பேனாவுக்கு மாறினாலே போதும், எண்ணிக்கை ஏறும்போதே எடை சரியும். நான் பார்த்த சறுக்குமரம் அதுதான். சரி, எடை வேண்டாம், கிலோ ஒன்றுக்கு என்ன மதிப்பு என்று பார்ப்போம் என்று அடுத்த ஆண்டு மாறினேன். அதிலும் பள்ளம் இருந்தது. மின்மாற்றி போனபின் கிலோவுக்கான மதிப்பு தானாக ஏறிவிடும். ஒவ்வோர் அயனும் முன்பைவிட மலிவாக வந்தாலும் ஏறத்தான் செய்யும். கிலோ மதிப்பு ஏறுகிறது, ஆகவே வாங்குவோர் உயர்தரத்துக்கு மாறுகிறார்கள் என்று அறிக்கைகளில் வாசிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தச் செங்கல்தான் நினைவுக்கு வருகிறது. எண்ணிக்கையும் தனியாகப் பதிவாகும் நாடுகளில் மட்டுமே இந்த முடிச்சை அவிழ்க்க முடியும். எடை மட்டும் பதிவாகும் நாடுகளில் அவிழ்க்க வழியில்லை.

8515.11 என்ற ஒரே வரிக்குள் குறைந்தது மூன்று வணிகங்கள் ஒன்றாகக் கட்டுண்டு கிடக்கின்றன என்பது என் கணிப்பு. வெப்பக் கட்டுப்பாடு இல்லாத, செருகினால் சூடாகும் வீட்டு அயன் ஒன்று, பட்டறையும் தொழிற்சாலையும் வாங்கும் ஸ்டேஷன் ஒன்று, இப்போது பேனா. இவற்றை வாங்குவோர் வேறு, வாங்கும் காரணம் வேறு, மாற்றும் இடைவெளி வேறு. வீட்டு அயனை வாங்கியவர் வருடத்தில் இரண்டு முறை எடுத்தால் அதிகம். அது கெட்டுப் போவதைவிடத் தொலைந்து போவதற்கே வாய்ப்பு அதிகம். நல்ல ஸ்டேஷனோ இருபது வருடம் உழைக்கும். மூன்றையும் கூட்டி ஒரு வளர்ச்சி விகிதம் சொன்னால், அது எவருடைய சந்தையையும் குறிக்காது.

எந்த நாடு செய்கிறது என்ற கேள்விக்கும் நேரான விடை இல்லை. ஜெர்மனியில் எர்ன்ஸ்ட் சாக்ஸ் 1921இல் தொடங்கிய எர்சா, ஸ்பெயினில் 1929இல் தொடங்கிய ஜே.பி.சி., ஒசாகாவில் 1952இல் தொடங்கிய ஹாக்கோ ஆகியவை இன்றும் தம் பெயரிலேயே நிற்கின்றன. விசையை அழுத்தினால் சில நொடியில் சூடாகும் துப்பாக்கியை 1940களில் அமெரிக்காவில் கார்ல் வெல்லர் உருவாக்கினார்; அவர் பெயரைத் தாங்கிய வணிகப் பெயரின் முக்கியத் தளங்களில் ஒன்று இன்று ஜெர்மனியின் பெசிக்ஹைமில் இருக்கிறது. எண்ணிக்கையில் உலகுக்கு மிக அதிகமாக அனுப்புவது சீனா என்பதில் ஐயமில்லை. ஆனால் சீனாவிலிருந்து வரும் பெட்டிக்குள் செருகினால் சூடாகும் அயனும் இருக்கலாம், நல்ல ஸ்டேஷனும் இருக்கலாம், மேற்கத்தியப் பெயர் பொறித்ததும் இருக்கலாம். பிறந்த நாட்டை வைத்துத் தரத்தை ஊகித்த காலம் முடிந்துவிட்டது என்று நான் பல முறை சொல்லியும், எங்கள் வாடிக்கையாளர்களில் மூத்தவர்கள் இன்னும் பெட்டியைத் திருப்பி அடிப்பக்கத்தைத்தான் முதலில் படிக்கிறார்கள்.

இந்தச் சந்தையில் தேவை படிப்படியாக ஏறுவதைவிட, ஏதாவது ஒரு சட்டமோ தொழில்நுட்பமோ தள்ளும்போது ஒரேயடியாகத் தாவுவதே வழக்கம். அப்படிப்பட்ட பெரிய தள்ளல் 2006 ஜூலை 1. அன்று நடைமுறைக்கு வந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் ரோஸ் (RoHS) விதி, மின்னணுக் கருவிகளில் ஈயத்தின் அளவை, சில விலக்குகள் நீங்கலாக, 0.1 விழுக்காட்டுக்குள் கட்டுப்படுத்தியது. 2007 மார்ச்சில் சீனாவும் தன் விதியைக் கொண்டுவந்தது. அதுவரை பெரிதும் புழங்கிய பற்றாசு 63 பங்கு வெள்ளீயமும் 37 பங்கு ஈயமும் கலந்தது. 183 டிகிரி செல்சியஸில் சட்டென்று உருகி, பளபளவென்று ஓடும். அதற்கு மாற்றாக வந்தது வெள்ளீயத்தோடு 3 விழுக்காடு வெள்ளியும் அரை விழுக்காடு செம்பும் சேர்ந்தது. அது உருகத் தொடங்கவே 217 டிகிரி வேண்டும். வெள்ளி இல்லாத மலிவு வகைக்கு 227. முப்பது நாற்பது டிகிரி வித்தியாசம் பேச்சுக்குச் சிறிதாகத் தோன்றலாம். பெரிய செப்புத்தளம் உள்ள பலகையில் முனையை வைத்துப் பாருங்கள்: பலகை வெப்பத்தை உறிஞ்ச உறிஞ்ச, கட்டுப்பாடற்ற பழைய 25 வாட் அயன் மூச்சு வாங்கி நின்றுவிடும், பற்றாசு களிமண் போலத் திரளும். பட்டறைகளும் தொழிற்சாலைகளும் கட்டுப்பாட்டு ஸ்டேஷனுக்கு மாறியதற்கு விளம்பரத்தைவிட இந்தத் திரண்ட பற்றாசுதான் பெரிய காரணம்.

ஈயமில்லாப் பற்றாசு இன்னொரு வேலையையும் செய்தது. அது அயனின் சந்தையை விடப் பிட்டின் சந்தையைப் பெரிதாக்கியது. பிட்டின் உடல் செம்பு. செம்பு வெப்பத்தை நன்றாகக் கடத்தும், ஆனால் உருகிய வெள்ளீயம் அதைக் கரைத்து விழுங்கிவிடும். அதனால் செம்பின் மேல் இரும்பு முலாம் பூசி, பற்றாசு ஒட்டக் கூடாத பகுதியில் குரோமியமும் பூசுவார்கள். வெள்ளீயம் 95 விழுக்காட்டைத் தாண்டிய புதிய பற்றாசு, கூடுதல் வெப்பத்தோடு சேர்ந்து, அந்த இரும்பையும் முன்பைவிட வேகமாக அரிக்கிறது. தேய்ந்த பிட்டை உருப்பெருக்கியில் வைத்துப் பார்த்தால் முனையருகே ஊசிக் கண் அளவில் ஒரு துளை தெரியும். அந்தத் துளை விழுந்தபின் உள்ளே இருக்கும் செம்பு சொத்தைப் பல் போலக் குடைந்துகொண்டே போகும்; ஒருநாள் கூர்முனை அப்படியே பொக்கென்று உட்கார்ந்துவிடும். அயன் இருபது வருடம் உழைக்க, அதன் பிட்டை நாள் முழுதும் வேலை நடக்கும் இடத்தில் சில வாரங்களுக்கோ மாதங்களுக்கோ ஒரு முறை மாற்ற வேண்டியிருக்கிறது. வருவாய் எங்கே இருக்கிறது என்பதை இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை.

தயாரிப்பாளர்களுக்கு இது முன்பே தெரியும். வெல்லரின் மேக்னாஸ்டாட் அமைப்பில் வெப்பநிலையைத் தீர்மானிப்பது கைப்பிடியோ திருகுக் குமிழோ அல்ல, பிட்தான். பிட்டின் பின்புறம் ஒட்டியிருக்கும் காந்த உலோகத் துண்டு குறிப்பிட்ட வெப்பத்தை எட்டியதும் காந்தத்தன்மையை இழக்கும். இழந்ததும் சுவிட்ச் விலகி மின்சாரம் நிற்கும். பின்புறம் 7 என்று பொறித்திருந்தால் 700 பாரன்ஹீட், அதாவது ஏறத்தாழ 370 செல்சியஸ். 8 என்றால் 800. வேறு வெப்பம் வேண்டுமா, வேறு பிட் வாங்குங்கள் என்பதே அமைப்பு. எவ்வளவு நேர்த்தியான பொறியியலோ அவ்வளவு நேர்த்தியான வணிகம். பின்னாளில் சூடேற்றியையும் வெப்ப உணரியையும் பிட்டுக்குள்ளேயே வைத்துக் கட்டிய கார்ட்ரிட்ஜ் வந்தது. ஹாக்கோவின் டி12, ஜே.பி.சி.யின் சி245 ஆகியவை அந்த வகை. முனை தேய்ந்தால் சூடேற்றியோடு சேர்த்துத் தூக்கிப் போட வேண்டும். அதே சமயம் வெப்பம் முனைக்கு உடனுக்குடன் போய்ச் சேர்வதால், ஒருமுறை பழகியவர் பழைய வகைக்குத் திரும்புவதில்லை.

இந்த இடத்தில்தான் நகல் நுழைகிறது. 936 ஸ்டேஷனுக்கான 900எம் பிட்டின் அளவு, யாரும் கூடித் தீர்மானிக்காமலேயே, உலகப் பொது அளவு ஆகிவிட்டது. ஹாக்கோ அந்த ஸ்டேஷனையே நிறுத்திவிட்டு அடுத்த மாதிரிக்குப் போன பின்னும், அதன் அளவில் பிட் செய்பவர்கள் செய்துகொண்டே இருக்கிறார்கள். இன்று டி12க்கும் சி245க்கும் அதே கதை நடக்கிறது. வேறு நிறுவனங்கள் கைப்பிடியை மட்டும் செய்து, பிட்டுக்கு அந்த அளவுகளை எடுத்துக்கொள்கின்றன. வாங்குகிறவர் பார்வையில் இது நல்லதுதான் என்பேன். ஒரே நிறுவனத்தோடு கட்டுண்டு கிடக்க வேண்டியதில்லை. தரம் மட்டும் சீட்டு விளையாட்டு. நாங்கள் ஒரு முறை வரவழைத்த தொகுதியில் பெட்டியும் முத்திரையும் அச்சு அசலாக இருந்தன. பிட்டைச் சிறிய காந்தத்தின் அருகே கொண்டுபோனபோது சில ஒட்டவே இல்லை, சில டப்பென்று பாய்ந்து ஒட்டின. ஒட்டாதவற்றில் இரும்பு முலாமே இல்லை, வெறும் செம்பின்மேல் மினுக்குப் பூச்சு. பாய்ந்து ஒட்டியவற்றில் செம்பே இல்லை, முழு இரும்பு. அது அரியாது, ஆனால் வெப்பத்தையும் ஒழுங்காகக் கடத்தாது. நல்ல பிட் மெல்ல இழுக்கப்பட்டு ஒட்டும். அனுப்பியவரிடம் கேட்டதற்கு, அவரும் வேறொருவரிடம் வாங்கியதாகச் சொன்னார். எந்தச் சுங்கப் பட்டியலிலும் இந்த மூன்று பிட்டுக்கும் ஒரே எண்தான்.

மின்னணுத் தொழில் வளர்ந்தால் சால்டரிங் அயன் சந்தையும் அதே வேகத்தில் வளரும் என்பது பரவலான நம்பிக்கை. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. பெரும் உற்பத்தியில் பாகங்களைப் பலகையின் மேற்பரப்பில் இயந்திரமே வைத்து, அடுப்பில் ஓட்டிப் பற்றவைத்துவிடுகிறது. கையால் செய்வது திருத்தமும், இயந்திரத்தால் எட்ட முடியாத சில இணைப்புகளும், மாதிரிப் பலகைகளும்தான். ஆகவே ஒரு நாட்டில் கைப்பேசித் தொழிற்சாலை வந்தது என்பதற்காக அயன் விற்பனை அந்த அளவுக்கு ஏறிவிடாது. பழுதுபார்ப்பு கூடினால் ஏறும். பிரான்ஸ் 2021 ஜனவரி முதல் சில கருவிகளுக்குப் பழுதுபார்க்கும் எளிமையைக் காட்டும் மதிப்பெண்ணைக் கட்டாயமாக்கியது. ஐரோப்பிய ஒன்றியம் 2024இல் பழுதுபார்ப்பு உரிமை குறித்த ஆணையை நிறைவேற்றியது. தொழிற்சாலைத் திறப்பு விழாச் செய்திகளைவிட இத்தகைய சட்டங்களைத்தான் நான் குறித்து வைத்துக்கொள்கிறேன்.

அஞ்சலில் வரும் சிறு பொட்டலங்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். பேனா அயன் சட்டைப்பைக்குள் அடங்கும். பிட்டோ கடித உறைக்குள் அடங்கும். இவை தனிமனிதர் பெயருக்கு வரும்போது, குறைந்த மதிப்புச் சரக்கு என்ற சலுகையில், விரிவான அறிவிப்பின்றி உள்ளே வந்துவிடும். அமெரிக்காவில் 800 டாலர் வரையிலான பொட்டலங்களுக்கு இருந்த தீர்வை விலக்கு 2025 ஆகஸ்ட் 29 அன்று எல்லா நாடுகளுக்கும் நிறுத்தப்பட்டது. ஐரோப்பிய ஒன்றியம் 22 யூரோ வரையிலான சரக்குக்கு இருந்த மதிப்புக்கூட்டு வரி விலக்கை 2021 ஜூலையிலேயே நீக்கி, சிறு பொட்டலத்துக்கும் ஆறு இலக்க எண் கேட்கத் தொடங்கியது. இதுவரை நிழலில் நடந்த வணிகம் வெளிச்சத்துக்கு வரும்போது புள்ளிவிவரம் திடீரென்று ஏறினால், அது புதிதாக யாரோ அயன் வாங்கியதால் ஏறியதாகாது. எதிர்வரும் ஆண்டுகளின் வரைபடங்களைப் படிக்கும்போது இந்த மாற்றத் தேதிகளை ஓரத்தில் கோடு போட்டு வைத்துக்கொள்ளலாம். நான் அப்படித்தான் செய்கிறேன்.

இவ்வளவு ஓட்டைகள் இருந்தும், பத்து ஆண்டுக்குப் பிந்தைய சந்தையைத் தசமப் புள்ளியோடு சொல்லும் அறிக்கைகள் என் மின்னஞ்சலுக்கு வாராவாரம் வருகின்றன. நாட்டின் பெயரையும் கருவியின் பெயரையும் மாற்றினால் அதே பத்திகள் எந்தப் பொருளுக்கும் பொருந்தும். அவற்றில் பயன்படும் பகுதி ஒன்று உண்டென்றால் அது எங்கிருந்து எங்கே சரக்கு போகிறது என்ற அட்டவணை. அதையும் மூலத்திலேயே கட்டணமின்றிப் பார்த்துவிடலாம்.

உண்மையில் எனக்கு மிகவும் வேண்டிய எண் பிட்டின் எண்தான், அது எங்கும் கிடைப்பதில்லை. 8515.90 என்ற உதிரிபாக வரியில் சால்டரிங் பிட்டோடு, வெல்டிங் இயந்திரங்களின் கனமான பாகங்களும் சேர்ந்தே எடை போடப்படுகின்றன. அந்தக் கூட்டத்தில் சில கிராம் எடையுள்ள பிட் இருக்கும் இடமே தெரியாது. அதனால் எங்களிடம் வாங்கும் பட்டறைகளில் ஒரு சிலவற்றிடம், தேய்ந்த பிட்டுகளை எறியாமல் ஒரு தகர டப்பாவில் போட்டு வைக்கும்படி கேட்டுக்கொண்டேன். ஆண்டு முடியும்போது நானே போய் வாங்கி வந்து, மேசையில் கொட்டி, வடிவவாரியாகப் பிரித்து எண்ணுவேன். முன்பெல்லாம் உளி முனைகள் அதிகம் இருக்கும். இப்போது கைப்பேசிப் பலகைக்கு உகந்த, சாய்வாக வெட்டிய முனைகளும் கத்தி முனைகளும் கூடிவருகின்றன. 900எம் பிட் குறைந்து, கார்ட்ரிட்ஜ் ஏறுகிறது. இந்த ஆண்டுக்கான கொள்முதல் பட்டியலில் ஸ்டேஷனைக் குறைத்து, பேனா அயனை முன்புபோலவே வைத்து, கார்ட்ரிட்ஜை ஏற்றி எழுதியிருக்கிறேன். டப்பாவைக் கொட்டி முடித்ததும் வழக்கம்போல மேசைமேல் காந்தத்தை ஓட்டினேன். கூர்முனைகளில் பாதிக்கு மேல் அசையவே இல்லை.